ஒகேனக்கல் போகும் வழியில் வீல் நட் வேலை

ஓசூரிலிருந்து ஒகேனக்கல் போக கிருஷ்ணகிரி, காவேரிப்பட்டணம், தர்மபுரி, பென்னாகரம் என்று நேர் வழி. தர்மபுரி வரை சாலை வழுவழு. பென்னாகரம் தாண்டினால் காட்டுக்குள் இறக்கம், வளைவுக்கு வளைவு பிரேக் மிதிக்க வேண்டும். சக்கரத்தில் சின்னக் குறை இருந்தாலும் அங்கே பெரிதாகிவிடும்.

இந்த முறை மச்சானுடைய ஸ்விஃப்டில் கிளம்பினோம். புதிதாக அலாய் வீல் மாட்டியிருந்தார். கிருஷ்ணகிரி டோல்கேட் தாண்டி எண்பதைத் தொட்டதும் ஸ்டீயரிங் கையில் லேசாக நடுங்கியது. "காத்து கம்மியா இருக்கும் மாப்ள" என்றார். எனக்கு மனசு ஒப்பவில்லை. காவேரிப்பட்டணம் பக்கம் ஒரு பஞ்சர் கடையில் ஓரங்கட்டச் சொன்னேன்.

கடைக்கார அண்ணன் முன்சக்கரத்தின் நட்டைக் கழற்றி, அலாய் ஓட்டைக்குள் விரலால் தடவிக் காட்டினார். உள்ளே பெயின்ட் அப்படியே இருந்தது. ஒரு நூல் கனத்துக்கு மட்டும் வட்டமாகத் தேய்ந்து பளபளத்தது. "பாருங்கண்ணா, ஓட்டை கூம்பு. மாட்டியிருக்கிறது உருண்டைத் தலை நட்டு. இந்தக் கோட்டுல மட்டும்தான் உட்காருது."

விஷயமே இதுதான். நட்டின் அடிப்பாகம் கூம்பு, உருண்டை, வாஷரோடு தட்டை என்று மூன்று விதமாக வரும். ரிம்மில் ஓட்டை எப்படியோ, நட்டும் அப்படியே இருக்க வேண்டும். வெளியில் வாங்கும் அலாய்க்குப் பெரும்பாலும் 60 டிகிரி கூம்பு. அடுத்தது மரை. மாருதிக்குப் பெரும்பாலும் 12 மில்லி ஸ்டட் (நட்டு ஏறும் மரைக் கம்பி), மரை இடைவெளி 1.25 மில்லி; ஹூண்டாய், டொயோட்டா கார்கள் பலவற்றுக்கு அதே 12 மில்லி, ஆனால் 1.5. பார்வைக்கு ஒன்று போலத்தான் இருக்கும். மாற்றிப் போட்டால் ஒன்றிரண்டு சுற்றில் இறுகும். அங்கே ஏர் கன்னை வைத்து அழுத்தினால் ஸ்டட் மரை போச்சு. அதனால் நட்டு கையாலேயே கடைசி வரை ஏற வேண்டும். இந்த 1.25 மரையில் பத்துச் சுற்றாவது பிடித்தால்தான் எனக்குத் திருப்தி.

கடைப் பையன் தன் வண்டியை எடுத்துக்கொண்டு கிருஷ்ணகிரிக்குப் போய் 16 கூம்பு நட்டுகளோடு வந்தான். அதுவரை நாங்கள் சாலையோரம் பெங்களூரா மாங்காயை உப்பு, மிளகாய்த்தூள் தொட்டுத் தின்றோம். மாம்பழக்கூழ் ஆலைகள் இருக்கிற மாவட்டம். சீசனில் அந்த ரகம் லாரி லாரியாகப் போகும்.

அண்ணன் மாட்டிய விதத்தை நின்று பார்த்தேன். டிஸ்க் முகத்திலிருந்த துருவைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்தார். துரு இடையில் நின்றால் ரிம் சமமாக உட்காராது. ஸ்டட்டில் எண்ணெய் போடவில்லை, நல்ல வேலைக்காரர். எண்ணெய் போட்டால் உராய்வு குறைந்து, அதே முறுக்குக்கு ஸ்டட் அளவுக்கு மேல் இழுபடும். நான்கையும் கையால் ஏற்றி, எதிரெதிராகப் பிடித்து, ஜாக்கியை இறக்கியபின்தான் கடைசி முறுக்கு.

அந்த முறுக்குக்கு, எவ்வளவு முறுக்குகிறோம் என்று அளந்து காட்டும் என் டார்க் ரென்ச்சைக் கொடுத்தேன். சின்ன கார்களுக்கு பெரும்பாலும் 85 முதல் 120 நியூட்டன் மீட்டருக்குள் இருக்கும். சரியான அளவு வண்டியோடு வரும் கையேட்டில் உண்டு. ரென்ச் இல்லாதவர்கள் கணக்குப் போட்டுக்கொள்ளலாம். கால் மீட்டர் நீள ஸ்பேனர் நுனியில் 40 கிலோ பாரம் கொடுத்தால் கிட்டத்தட்ட 100 வரும். 70 கிலோ ஆள் அதன் மேல் ஏறி நின்றால் 170 தாண்டிவிடும். ஏறி மிதிப்பது நம் ஊரில் பழக்கமாகிவிட்டது, தயவுசெய்து வேண்டாம். ஸ்டட் இழுபடும், நடுவழியில் பஞ்சரானால் நட்டும் அசையாது.

அங்கிருந்து ஒகேனக்கல் வரை ஸ்டீயரிங் ஆடவில்லை. புது ரிம் மாட்டினால் 50 முதல் 100 கிலோமீட்டருக்குள் மறுபடி பார்க்க வேண்டும். பெயின்ட் அமுங்கி பிடி தளரும். ஒகேனக்கல் பார்க்கிங்கில் சக்கரம் ஆறிய பிறகு ரென்ச்சை வைத்துப் பார்த்தேன், சில நட்டுகள் துளி நகர்ந்தன. மச்சான் எண்ணெய் மசாஜுக்குப் போய்விட்டார். நான் டிக்கியைத் திறந்து, வண்டியோடு வந்த ஸ்பேனர் இந்த அலாய் ஓட்டைக்குள் நுழைகிறதா என்று பார்த்தேன். நுழையவில்லை, ஓட்டை குறுகல். சுவர் மெலிந்த 19 மில்லி சாக்கெட் ஒன்றை வாங்கி ஸ்டெப்னிக்குப் பக்கத்தில் போட்டுவைக்கச் சொல்லியிருக்கிறேன்.