கல்லூரி முதல்வர் நியமன வழக்கு: எட்டு மாதம் வீணான கதை

எங்களுடையது அரசு உதவி பெறும் கல்லூரி. முதல்வர் பதவிக்கு நான் தகுதி பெறவில்லை என்று செயலர் அனுப்பிய கடிதத்தில் இரண்டே வரிகள். 27 ஆண்டுகள் வரலாறு கற்பித்துவிட்டு அந்த இரண்டு வரிகளை நின்றபடியே படித்தேன். அவற்றை உடைக்க உயர் நீதிமன்றத்தில் இரண்டு ரிட் மனுக்கள் தேவைப்பட்டன. இரண்டு ஆண்டுகளுக்கும் மேல் ஆனது. அதில் எட்டு மாதம் போனது என் அவசரத்தால்தான். இதே நிலையில் இருப்பவர்களுக்கு அந்த எட்டு மாதமாவது மிஞ்சட்டும்.

கோபத்தோடு போனதால் முதலில் கிடைத்த வழக்கறிஞரையே பிடித்துக்கொண்டேன். "பணிமூப்பில் நான்தான் முதல். என் முறையீட்டைப் பரிசீலிக்கக் கல்லூரிக் கல்வித் துறையின் மண்டல இணை இயக்குநருக்கு உத்தரவிட வேண்டும்" என்று மனுப் போட்டோம். 12 வாரத்தில் முடிவெடுக்கச் சொல்லி உத்தரவு வந்தது. வென்றுவிட்டதாக நினைத்துத் துறையில் எல்லோருக்கும் இனிப்புக் கொடுத்தேன். பதினோராவது வாரம் பதில் வந்தது: நிர்வாகத்தின் தேர்வு விதிகளின்படி உள்ளது, கோரிக்கையை ஏற்க இயலாது. பரிசீலிக்கச் சொல்லிக் கேட்டால் பரிசீலனை மட்டும்தான் கிடைக்கும். இதற்கிடையில் தேர்வானவருக்கு இணை இயக்குநரின் ஒப்புதல் ஆணை வந்து, அவர் பொறுப்பேற்றும்விட்டார். அவரை நாங்கள் எதிர்மனுதாரராகக்கூடச் சேர்த்திருக்கவில்லை. பதவியில் இருப்பவரைச் சேர்க்காமல் அவருடைய நியமனத்தைத் தொடவே முடியாது என்பது எனக்கு அதன் பிறகுதான் தெரிந்தது.

மதுரையில் பார்த்த இரண்டாவது வழக்கறிஞர், "உங்கள் கல்லூரி சிறுபான்மைக் கல்லூரியா அம்மா?" என்றுதான் தொடங்கினார். ஆமாம் என்றிருந்தால் திருப்பி அனுப்பியிருப்பாராம். கேரளத்தின் மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றம், தகுதியுள்ளவர்களில் யாரை முதல்வராக்குவது என்பது சிறுபான்மை நிர்வாகத்தின் உரிமை, அரசு உதவி வாங்குவதால் அது குறையாது என்று தீர்ப்பளித்திருக்கிறது. எங்கள் கல்லூரி அந்த வகையில் வராது. ஆனாலும் பணிமூப்பை மட்டும் நம்ப வேண்டாம் என்றார். "தேர்வுக் குழு போட்ட மதிப்பெண் தாள்களைக் கொண்டு வாருங்கள், பிறகு பேசலாம்."

தாள்கள் கிடைத்த கதை தனி. கல்லூரி அலுவலகத்தில் தகவல் உரிமை மனுவை வாங்கவே மறுத்தார்கள்; "இது அரசு அலுவலகம் இல்லை" என்றார் எழுத்தர். அரசு நிதியில் கணிசமாக நடக்கும் கல்லூரிகள் இந்தச் சட்டத்துக்குள் வரும் என்று டி.ஏ.வி. கல்லூரி அறக்கட்டளை வழக்கில் 2019-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதை வைத்துச் சண்டை போட எனக்கு நேரமில்லை. ஒப்புதலுக்காக நிர்வாகம் அனுப்பும் கோப்பு இணை இயக்குநர் அலுவலகத்தில் இருக்கும் அல்லவா? பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி அங்கே கேட்டேன். 30 நாள் போனது, பதில் இல்லை. நேரில் போனபோது கோப்பு கண்காணிப்பாளரிடம் என்றார்கள். அடுத்த முறை, அவர் விடுப்பில் என்றார்கள். ஒவ்வொரு முறையும் மூன்று மணி நேர பஸ் பயணம். மேல்முறையீடு செய்த பிறகுதான் 63 பக்கங்கள் வந்தன. நேரில் அலைவதை விட்டுவிட்டு, 31-ஆம் நாளே மேல்முறையீட்டைப் பதிவுத் தபாலில் அனுப்பிவிடுங்கள்.

அன்றிரவு சாப்பாட்டு மேசையில் அந்தத் தாள்களையும் பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018 விதிமுறைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் கூட்டினேன். முதல்வராக 10 கட்டுரைகளும் 110 ஆய்வு மதிப்பெண்ணும் வேண்டும். எங்களைப் போன்ற கலைத் துறைகளில் ஒரு கட்டுரைக்கு 10. இருவர் சேர்ந்து எழுதினால் ஆளுக்கு 70 விழுக்காடு, அதாவது 7. தேர்வானவரின் 12 கட்டுரைகளிலும் இரண்டு பெயர்கள். 84 வர வேண்டிய இடத்தில் 120 போட்டிருந்தார்கள். முனைவர் பட்ட வழிகாட்டலுக்கான 20-ஐச் சேர்த்தாலும் 104-தான்.

என் தாளில் நடந்தது இதைவிடக் கொடுமை. 2017-இல் வெளியான என் இரண்டு கட்டுரைகளை நீக்கியிருந்தார்கள். அந்த இதழ், மானியக் குழு 2018 மே 2 அன்று தன் அங்கீகாரப் பட்டியலிலிருந்து நீக்கிய 4305 இதழ்களில் ஒன்று. அதற்கு முன் வெளியானவற்றைக் கணக்கில் கொள்ளலாம் என்று அதே அறிவிப்பில் இருக்கிறது. அந்த வரியை யாரும் படிக்கவில்லை. 11 கட்டுரைகள் 9 ஆயின. 121 மதிப்பெண் 101 ஆனது. எனக்கு அழுகை வந்துவிட்டது. தேர்வானவர் மீது எனக்கு வருத்தம் இல்லை. அவர் நல்ல ஆசிரியர், அந்தக் கூட்டலை அவர் போடவில்லை.

இரண்டாவது மனுவில் ஒப்புதல் ஆணையையே ரத்து செய்யக் கேட்டோம், அவரையும் சேர்த்தோம். நிர்வாகத் தரப்பின் முதல் வாதம், தேர்வில் கலந்துகொண்டு தோற்றவர் பிறகு குறை சொல்லக்கூடாது என்பது. தேர்வுக் குழுவை நாங்கள் எதிர்க்கவில்லை, கணக்கைத்தான் எதிர்க்கிறோம் என்றார் எங்கள் வழக்கறிஞர். அடுத்து, மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் வழக்கின் 2015 தீர்ப்பைக் காட்டி, மாநில அரசு ஏற்காத வரை மானியக் குழு விதிமுறை கட்டாயமில்லை என்றார்கள். அது 2010 விதிமுறைகளைப் பற்றியது. 2018 விதிமுறைகளைத் தமிழக அரசே 2021 ஜனவரி 11-ஆம் தேதியிட்ட அரசாணை எண் 5-இல் ஏற்றிருக்கிறது. கல்லூரியின் விளம்பரத்திலும் அதே விதிமுறைகள்தான் இருந்தன. அந்தச் செய்தித்தாள் துண்டை நான் பத்திரப்படுத்தியிருந்தது அன்று கைகொடுத்தது.

"எல்லாக் கட்டுரையிலும் இரண்டு பெயர் இருக்கிறது, 120 எப்படி வந்தது?" என்று நீதிபதி கேட்டார். அரசு வழக்கறிஞர் அவகாசம் கேட்டார். பின்வரிசையில் உட்கார்ந்திருந்த எனக்கு அந்த நிமிடமே போதுமாக இருந்தது.

ஒப்புதல் ரத்தானது. எட்டு வாரத்தில் மறுமதிப்பீடு, பிறகு புதிய தேர்வு. நான் முதல்வராகப் பொறுப்பேற்று நான்கு மாதம் ஆகிறது. ஓய்வுக்கு இன்னும் பதினோரு மாதம் இருக்கிறது. தீர்ப்பு வந்த அன்றே சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பித்தேன், எங்களைக் கேட்காமல் தீர்ப்புக்குத் தடை தரக்கூடாது என்று அந்த வாரமே கேவியட் மனுவும் போட்டேன். கேவியட் 90 நாள்தான் செல்லும். அதைப் புதுப்பிக்க மறந்துவிடாதீர்கள். நான் புதுப்பித்த பத்தாம் நாள் நிர்வாகத்தின் மேல்முறையீடு தாக்கலானது. எங்கள் தரப்பைக் கேட்காமல் தடை கொடுக்கவில்லை. அடுத்த மாதம் விசாரணை.