மைக் வாங்கப் போகிறவர்களுக்கு ஓர் ஒலித்தொகுப்பாளர் சொல்வது

பாட்காஸ்ட் ஒலித்தொகுப்பு என் வேலை. மற்றவர்கள் பேசிப் பதிவுசெய்து அனுப்புவதை வாங்கி, தேவையற்றதை வெட்டி, சத்தத்தைச் சமப்படுத்திக் கொடுக்கிறேன். இந்த வேலை செய்கிறவரிடம் புதிதாகத் தொடங்குகிற எல்லாரும் கேட்பது ஒன்றுதான்: "அதிகம் செலவில்லாமல் எந்த மைக் வாங்கலாம்?" அவர்கள் எதிர்பார்ப்பது ஒரு மாடலின் பெயர். நான் முதலில், "எந்த அறையில் உட்கார்ந்து பேசப்போகிறீர்கள்?" என்று கேட்பேன். வாங்கும் முன்பே அந்த அறையில் போனை மேசைமேல் வைத்து ஒரு நிமிடம் பதிவுசெய்து அனுப்பச் சொல்வேன். அதில் முதல் பத்து நொடி எதுவும் பேசக் கூடாது. அந்தப் பத்து நொடியில் மின்விசிறி, தெரு, பக்கத்து அறை எல்லாம் தெரிந்துவிடும். பேசத் தொடங்கியதும் சுவர்கள் தெரிந்துவிடும்.

இவ்வளவு கேட்பதற்குக் காரணம் இருக்கிறது. என் மேசைக்கு வரும் குறைகள் இரண்டு வகை. பதிவின் சத்தம் குறைவாக இருந்தால் கூட்டிக்கொள்ளலாம். 50 அல்லது 60 ஹெர்ட்ஸில் சீராக ஓடும் மின்சார முனகலை வடிகட்டிவிடலாம். பின்னணியில் மெல்லிதாக வரும் 'ஸ்ஸ்' இரைச்சலையும் பெரும்பாலும் எடுத்துவிடலாம், ஏனென்றால் அது மாறாமல் ஒரே மாதிரி இருக்கிறது. குரல் கொஞ்சம் கனமாகவோ மெலிந்தோ இருந்தால் தடித்த, மெல்லிய ஒலிகளைத் தனித்தனியே கூட்டிக் குறைக்கும் ஈக்வலைசர் பார்த்துக்கொள்ளும். இவையெல்லாம் திருத்தக்கூடியவை.

இன்னொரு வகை அப்படியல்ல. அறையின் எதிரொலி, பேசியவரின் சொற்களே கொஞ்சம் தாமதமாகத் திரும்பிவந்து அதே சொற்களின்மேல் படிவது. குரலிலிருந்து குரலைப் பிரிப்பது எப்படி? எதிரொலியைக் குறைக்கும் செயற்கை நுண்ணறிவுக் கருவிகள் இப்போது வந்திருக்கின்றன, நானும் பயன்படுத்துகிறேன். ஆனால் அழுத்திப் பயன்படுத்தினால் மெய்யெழுத்துகளின் ஓரம் மழுங்கி, பேசுகிறவர் தண்ணீருக்குள்ளிருந்து பேசுவது போல ஆகிவிடும். அளவுக்கு மீறிச் சத்தமாகப் பதிவாகி உச்சத்தில் வெட்டுப்பட்ட குரலும் இந்த வகைதான். வெட்டுப்பட்ட இடத்தில் என்ன இருந்தது என்பதைக் கருவி ஊகித்து நிரப்புகிறது, அவ்வளவே. ஆகவே மலிவாக ஒரு மைக் தேர்ந்தெடுக்கும்போது நான் பார்ப்பது இதைத்தான்: திருத்த முடியாத குறை பதிவுக்குள் வராமல் அது காக்குமா? திருத்தக்கூடிய குறை கொஞ்சம் இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டும்.

வரலாற்று ஆசிரியர் ஒருவர் தொடர் ஒன்று ஆரம்பித்தார். நல்ல ஆய்வு, நிதானமான சொல்முறை. எல்லாரும் புகழ்ந்த ஒரு யூஎஸ்பி கண்டென்சர் மைக்கை வாங்கியிருந்தார். டைல்ஸ் தரை, வெற்றுச் சுவர், பெரிய கண்ணாடி ஜன்னல் உள்ள அறை. மைக் மடிக்கணினிக்கு அப்பால், ஒரு முழம் தள்ளி நின்றது. குரலின் நுணுக்கம் எல்லாம் பதிவாகியிருந்தது, கூடவே அறையும் முழுசாகப் பதிவாகியிருந்தது.

"மைக் பழுதா?" என்று கேட்டார்.

"இல்லீங்க டீச்சர், மைக் நல்லாத்தான் இருக்கு. ஆனா அது உங்களை மட்டும் கேக்கல, அறையையும் சேர்த்துக் கேக்குது" என்றேன்.

கண்டென்சர் மைக்கில் காற்றின் அசைவுக்கு ஆடும் சவ்வு மிக மெல்லியது, அதன் உணர்திறன் அதிகம். 1962இல் பெல் ஆய்வுக்கூடத்தில் ஜேம்ஸ் வெஸ்ட்டும் கெர்ஹார்ட் செஸ்லரும் உருவாக்கிய எலெக்ட்ரெட் முறைதான் இந்த வகையை மலிவாக்கியது. நிலையான மின்னூட்டத்தைப் பொருளிலேயே தங்கவைத்துவிட்டதால் மைக் சிறிதாகவும் விலை குறைந்தும் செய்ய முடிந்தது. 'ஸ்டுடியோ செட்' என்று கம்பி, ஸ்டாண்டு, நுரையெல்லாம் சேர்த்து மலிவாக விற்கும் பெரிய உருளைகள் பலவற்றின் உள்ளே இருப்பதும் ஒரு சின்ன எலெக்ட்ரெட் வில்லைதான். வெளிக்கூடின் அளவைப் பார்த்து மயங்க வேண்டாம்.

டைனமிக் மைக்கில் சவ்வோடு ஒட்டிய கம்பிச்சுருள் காந்தப்புலத்துக்குள் ஆடி மின்னோட்டம் உண்டாக்குகிறது. உறுதியான அமைப்பு. கீழே விழுந்தாலும் பெரும்பாலும் தாங்கும். ஷூர் நிறுவனத்தின் எஸ்எம் 58 1966இல் வந்தது, இன்றும் மேடைகளில் அதுதான் நிற்கிறது. டைனமிக் மைக் அறைச் சத்தத்தை ஒதுக்கிவிடும் என்று விற்பவர்கள் சொல்வது பாதி உண்மை. ஒரே தூரத்தில், ஒரே திசைத்தன்மையோடு (எந்தத் திசைச் சத்தத்தை எவ்வளவு கேட்கும் என்பது) இரண்டு வகையையும் வைத்து, குரலின் அளவைச் சமப்படுத்திக் கேட்டால், அறை ஏறக்குறைய ஒரே அளவுதான் கேட்கும். உண்மையான ஆதாயம் வேறு இடத்தில் இருக்கிறது. உணர்திறன் குறைவு என்பதால் டைனமிக் மைக் பேசுகிறவரைக் கிட்டே வரவழைக்கிறது. அந்த நெருக்கம்தான் வேலை செய்கிறது.

கணக்கு எளிது. வாய்க்கும் மைக்குக்கும் உள்ள தூரம் இரட்டிப்பானால் நேரடிக் குரல் சுமார் 6 டெசிபெல் (சத்தத்தின் அளவைச் சொல்லும் அலகு) குறையும். 40 சென்டிமீட்டரிலிருந்து 10 சென்டிமீட்டருக்கு வந்தால் 12 டெசிபெல் கூடும். அறையின் எதிரொலியோ அதே அளவில்தான் இருக்கும். எந்த மென்பொருளாலும் இவ்வளவு சுத்தமாகச் செய்ய முடியாததை நாற்காலியை முன்னால் இழுத்துப்போட்டால் செய்துவிடலாம். இதைச் சொல்லிச் சொல்லி எனக்கு அலுக்கவே இல்லை.

நெருங்கி வந்தால் இரண்டு விஷயங்கள் கூடவே வரும். திசை பார்த்துக் கேட்கும் மைக்குகளில் கிட்டத்தில் அடிக்குரல் தடிக்கும், ஆனால் அது ஈக்வலைசரில் சரியாகிவிடும். 'ப' போன்ற எழுத்துகளில் வாயிலிருந்து வரும் காற்று சவ்வை மோதி 'டொப்' என்று கேட்கும். இதைப் பின்னால் எடுப்பது பெரிய பாடு. அதனால் மைக்கை வாய்க்கு நேராக வைக்காமல் உதட்டோரத்துக்குக் கொஞ்சம் தள்ளி, சாய்த்து வைக்கச் சொல்வேன். காற்றைத் தடுக்க மைக்குக்கு முன்னால் வைக்கும் வலைத்திரையான பாப் ஃபில்டரோ நுரையுறையோ ஒன்று போதும். "பாட்டி பப்பாளிப் பழம் பறித்தாள்" என்று சொல்லிப் பதிவுசெய்து பார்த்தால் வைத்த இடம் சரியா என்று உடனே தெரிந்துவிடும்.

சரி, பெயர் சொல்லுங்கள் என்பீர்கள். முதல் மைக்குக்கு நான் சொல்வது சாம்சன் க்யூ2யூ அல்லது ஆடியோ டெக்னிகா ஏடிஆர் 2100எக்ஸ். இரண்டுமே கார்டியாய்டு, அதாவது முன்பக்கத்தை அதிகம் கேட்கும், டைனமிக் மைக்குகள். இரண்டிலும் நேரே கணினியில் செருகும் யூஎஸ்பி, ஒலிக்கருவிகளில் செருகும் மூன்று முனை எக்ஸ்எல்ஆர் இரண்டு இணைப்புகளும் உண்டு. பேசும்போதே தன் குரலைத் தாமதமில்லாமல் கேட்க ஹெட்போன் துளையும் உண்டு. இந்தத் துளை இல்லாத யூஎஸ்பி மைக்கை நான் பரிந்துரைப்பதில்லை. தன் குரலைக் காதில் கேட்கிறவர் தானாகவே மைக்கை விட்டு விலகாமல் பேசுவார், மேசையைத் தட்டமாட்டார். கார்டியாய்டு வடிவத்தில் மைக்கின் பின்பக்கம்தான் மிகக் குறைவாகக் கேட்கும். ஆகவே கணினியின் விசிறி மைக்கின் முதுகுக்குப் பின்னால் இருக்கும்படி உட்கார வேண்டும்.

பெரிய நிகழ்ச்சிகளில் பார்க்கிற ஷூர் எஸ்எம் 7பி வேண்டும் என்று சிலர் அடம்பிடிப்பார்கள். அருமையான மைக், சந்தேகமே இல்லை. ஆனால் அதற்கு 60 டெசிபெல் அளவுக்குக் கெயின், அதாவது மைக்கின் மெல்லிய சிக்னலைப் பெருக்கும் அளவு, வேண்டும். எக்ஸ்எல்ஆர் மைக்கைக் கணினியோடு இணைக்கும் பெட்டிகளான ஆடியோ இன்டர்ஃபேஸ்களில் எளியவை பல அந்த அளவில் திணறும், சிக்னலைக் கூட்ட நடுவில் ஒரு பூஸ்டர் வாங்க நேரும். குறைந்த பணத்தில் தொடங்குகிறவருக்கு அது வேண்டாம். அந்தக் காசில் மேசையில் பொருத்தி மைக்கை வாய்வரை கொண்டுவரும் நல்ல ஆர்ம் (தாங்கு கை) ஒன்றும், சுவரில் தொங்கவிடத் தடித்த போர்வைகளும் வாங்கலாம். நான் பார்த்தவரை ஆர்ம்தான் எல்லாரும் கடைசிக்குத் தள்ளும் பொருள். மைக் வாய்க்கு வராவிட்டால் பேசுகிறவர் குனிந்தே எவ்வளவு நேரம் இருப்பார்?

ஆசிரியரிடம் டைனமிக் மைக் ஒன்றைக் கொடுத்துப் பார்த்தோம். அவர் குரல் மெல்லியது, கெயினை நிறைய ஏற்ற வேண்டியிருந்தது, 'ஸ்ஸ்' இரைச்சல் வந்தது. அவருக்கு அது கவலையாக இருந்தது. எனக்கு இல்லை. இரைச்சல் சில நொடி வேலை. எதிரொலி போய்விட்டது, சொல் ஒவ்வொன்றும் பக்கத்தில் வந்து நின்றது. அந்த ஒலியைக் கேட்டபோது எனக்கு உண்மையாகவே சந்தோஷமாக இருந்தது.

கண்டென்சர் கூடாது என்று நான் சொல்லவில்லை. புத்தக அலமாரி, கம்பளம், கனத்த திரை எல்லாம் உள்ள அமைதியான அறை அமைந்தவருக்கு அதைவிட அழகான குரல் கிடைக்காது. நடந்துகொண்டே, வெளியில் நின்று பேட்டி எடுப்பவருக்குச் சட்டையில் மாட்டும் சிறிய மைக் சரி. அதில் பெரும்பாலானவை எல்லாத் திசையிலும் கேட்கும் என்பதை மட்டும் நினைவில் வைத்தால் போதும்.

பதிவின்போது, பூஜ்யத்தை எல்லையாகக் கொண்ட அளவுகாட்டியில் உச்சம் மைனஸ் 12 டெசிபெல் பக்கம் நிற்கும்படி கெயினை வைக்கச் சொல்வேன். சிரித்தாலும் குரல் உயர்ந்தாலும் உடையாமல் இருக்க அந்த இடைவெளி வேண்டும். குறைவாகத் தெரிகிறதே என்று கூட்ட வேண்டாம். வெளியிடும் முன் மைனஸ் 16 எல்யூஎஃப்எஸ் (காதுக்குக் கேட்கும் சராசரிச் சத்தத்தின் அலகு) அளவுக்கு நான்தான் ஏற்றப்போகிறேன்.

இருவர் சேர்ந்து பேசினால் ஆளுக்கொரு மைக் வேண்டும். ஒரே கணினியில் இரண்டு யூஎஸ்பி மைக்கைச் செருகினால், ஒவ்வொன்றும் தன் உள்கடிகாரப்படி ஓடுவதால் நேரம் போகப்போக இரண்டு குரலும் விலகிக்கொண்டே போகலாம். முதலில் வாங்கிய மைக்கின் எக்ஸ்எல்ஆர் இணைப்பு அப்போதுதான் உதவும். அதே மாதிரி இன்னொன்றும், இரண்டு உள்ளீடு உள்ள ஒரு சிறிய இன்டர்ஃபேஸும் சேர்த்துக்கொண்டால் போதும், முதல் செலவு வீணாகாது. வாய்க்கும் மைக்குக்கும் உள்ள தூரத்தைப்போல மூன்று மடங்காவது இரண்டு மைக்குக்கும் நடுவே விடச் சொல்வேன். இருவரும் வேறு வேறு ஊரில் இருந்தால் இணைய அழைப்பின் ஒலியை நம்பாமல் அவரவர் பக்கம் தனித்தனியாகப் பதிவுசெய்து, தொடக்கத்தில் ஒருமுறை சேர்ந்து கைதட்டிவிட்டு அனுப்புங்கள். அந்தக் கைதட்டலை வைத்து இரண்டையும் ஒன்றாகப் பொருத்திக்கொள்கிறேன்.