சாக்ஸ் போடாத ஜெர்ரியைத் தேடி

ஜெர்ரி சிம்ப்சன் 1890-இல் கான்சாஸ் மாநிலத்திலிருந்து அமெரிக்க காங்கிரஸுக்குத் தேர்வான விவசாயி. 'சாக்ஸ் போடாத ஜெர்ரி' என்றால்தான் பலருக்கும் தெரியும். நான் அதே கான்சாஸில் விச்சிட்டா நகரத்தில் வசிக்கிறேன். 1905-இல் அவர் இறந்ததும் இந்த ஊரில்தான். பட்டப்பெயரை ஒதுக்கிவிட்டு, ஆவணங்களை மட்டும் வைத்து அந்தச் சம்சாரியின் வாழ்க்கையை எவ்வளவு தூரம் கட்டி எழுப்ப முடியும் என்று பார்க்க உட்கார்ந்தேன். எம்.பி.யைக் கண்டுபிடிப்பது சுலபம், விவசாயியைப் பிடிப்பதுதான் கஷ்டம்.

தொடங்க வேண்டிய இடம் காங்கிரஸ் உறுப்பினர்களின் அதிகாரப்பூர்வ வாழ்க்கைக் குறிப்புத் தொகுப்பு. இணையத்தில் இலவசம். 1842-இல் கனடாவின் நியூ பிரன்ஸ்விக்கில் பிறப்பு, 14 வயதில் கப்பல் வேலை, 23 ஆண்டுகள் மாலுமி, நடுவே உள்நாட்டுப் போரில் கொஞ்ச காலம் சிப்பாய், 1878-இல் கான்சாஸ். அப்புறம் மெடிசின் லாட்ஜ் அருகே விவசாயம், மாடு வளர்ப்பு என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறது. அந்த வரியை நம்பி 1880 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் மெடிசின் லாட்ஜ் ஊர் இருக்கும் பார்பர் கவுன்ட்டியை (கவுன்ட்டி என்றால் நம்மூர் மாவட்டம் மாதிரி) புரட்டுவது வீண். அவர் முதலில் பண்ணை போட்டது மாநிலத்தின் வடகிழக்கில், ஜாக்சன் கவுன்ட்டியின் ஹோல்ட்டன் பக்கம். தெற்கே போனது அதற்குச் சில வருஷங்கள் கழித்து.

சிம்ப்சன் என்ற பெயர் அங்கே எங்கும் உண்டு. பிறந்த இடம் என்ற பத்தியில் கனடாவைத் தேடுவதுதான் சரியான வடிகட்டி. 1880-இல் விவசாயத்துக்குத் தனி ஏடும் உண்டு: எத்தனை ஏக்கர், எத்தனை மாடு, என்ன விளைச்சல் என்று பண்ணை வாரியாக எழுதியிருப்பார்கள். அவர் ஜெயித்த 1890-ஆம் ஆண்டின் ஏடுகளோ, 1921-இல் வாஷிங்டனில் நடந்த தீ விபத்தோடு ஏறக்குறைய முழுதும் போய்விட்டன. நல்லவேளை, கான்சாஸ் அரசு 1885-லும் 1895-லும் தானே கணக்கெடுத்து வைத்திருக்கிறது.

எனக்குப் பிடித்த பகுதி பழைய செய்தித்தாள்கள். காங்கிரஸ் நூலகம் மின்னாக்கி வைத்திருக்கிறது. அச்சு மங்கலாக இருப்பதால் எந்திரம் பெயர்களைத் தப்பும் தவறுமாகப் படிக்கும். அதனால் அவர் பெயரை விட்டுவிட்டு, எதிர்த்து நின்ற ஹாலோவெல் பெயரையும் ஊர்ப்பெயரையும் போட்டுத் தேடினேன். அப்படித்தான் அதிகம் சிக்கியது. ஹாலோவெல் பட்டுக் காலுறை போடும் சீமான் என்று சிம்ப்சன் மேடையில் கிண்டலடிக்க, அப்படியானால் இவருக்குக் காலுறையே கிடையாது என்று பதிலடி கிளம்பியது என்பார்கள். பட்டப்பெயரைப் பரப்பியவராகச் சொல்லப்படும் விக்டர் மர்டாக் அப்போது விச்சிட்டாவில் இளம் நிருபர். பின்னாளில் அவரும் காங்கிரஸுக்குப் போனார் என்பது தனி வேடிக்கை. குடியரசுக் கட்சிப் பத்திரிகைகள் சிம்ப்சனைப் பட்டிக்காட்டானாக்கின, அவருடைய கட்சியான, விவசாயிகளின் பாப்புலிஸ்ட் கட்சியின் பத்திரிகைகள் தலையில் தூக்கிவைத்து ஆடின. ஒரே வாரத்து இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படிக்காமல் எதையும் எடுத்துக்கொள்ளக் கூடாது. 1886 பனிப்புயலில் மாடுகளை இழந்து ஊர்க் காவல் அதிகாரி வேலைக்குப் போன மனிதரை அவருடைய கட்சிக்காரர்களும் அவ்வளவாகப் பேசவில்லை என்பது என் எண்ணம். கோமாளி வேஷம்தான் இரண்டு தரப்புக்கும் வசதியாக இருந்தது.

அந்த வேஷத்தைக் கலைப்பவை காங்கிரஸ் நடவடிக்கைக் குறிப்புகள். 1892-இல் இவரும் இன்னும் ஐந்து உறுப்பினர்களும் சேர்ந்து, நிலவரிச் சிந்தனையாளர் ஹென்றி ஜார்ஜின் முழுப் புத்தகம் ஒன்றைத் துண்டு துண்டாக அவைக் குறிப்பில் ஏற்றினார்கள். அவைக் குறிப்புக்கு உறுப்பினர்கள் தபால்தலை ஒட்ட வேண்டியதில்லை. புத்தகம் அப்படியே ஊர் ஊராகப் போனது. விவரமான ஆள்!

கடன் பத்திரங்களும் நிலப் பத்திரங்களும்தான் எனக்குப் பாக்கி. அவை கவுன்ட்டிப் பதிவாளரிடம் இருக்கும். மெடிசின் லாட்ஜுக்குக் கார் எடுத்துக்கொண்டு போக வேண்டும்.