40 லட்சம் வரிகளுக்குள் ஒரு 3

மார்ச் 3, 2025, திங்கள்

புது டீமில் முதல் பக் (நிரல் பிழை) கைக்கு வந்தது. அறிவிப்பு அனுப்பும் சர்வீஸ் சில மெசேஜ்களை அனுப்பாமலே விட்டுவிடுகிறது. ஏன் என்று கண்டுபிடிக்க வேண்டும். ரெப்போவில், அதாவது கோட் முழுவதும் இருக்கும் கிடங்கில், ஏறக்குறைய 40 லட்சம் வரிகள். எழுதியவர்களில் பலர் இப்போது டீமில் இல்லை.

காலையில் எடிட்டரில் ‘ரீட்ரை’ (மறுமுயற்சி) என்று போட்டுத் தேடினேன். 6,000க்கு மேல் வந்தது. மேலிருந்து ஒவ்வொன்றாகத் திறந்து படித்ததில் மதியம் வரை போய்விட்டது.

அப்புறம்தான் லாக்கை, அதாவது சர்வீஸ் ஓடும்போது எழுதிவைக்கும் பதிவை, திறந்தேன். ‘டெலிவரி அபாண்டன்ட் ஆஃப்டர் 5 அட்டெம்ப்ட்ஸ்’ (5 முயற்சிக்குப் பிறகு அனுப்புவது கைவிடப்பட்டது) என்று ஒரு வரி. அதை அப்படியே தேடினால் ஒன்றுமே இல்லை. அந்த 5 ஓடும்போது வந்து உட்காருவது. கோடில் அந்த இடத்தில் ஒரு மாறிதான் இருக்கும். எண்ணுக்கு முன்னால் இருக்கும் துண்டை மட்டும் எடுத்துத் தேடினேன். இரண்டே விடை. ஒன்று டெஸ்ட். இன்னொன்று நான் தேடிய இடம்.

நம் மனதில் இருக்கும் சொல்லை வைத்துத் தேடக்கூடாது. கோடை எழுதியவர் கையால் அடித்த, மாறாத எழுத்துகளை வைத்துத் தேட வேண்டும். லாக் வரி, திரையில் தெரியும் பிழைச் செய்தி, யூஆர்எல்லின் ஒரு பகுதி, டேபிளின் பெயர்: இவைதான் உள்ளே போக நல்ல வாசல்கள்.

மார்ச் 4, செவ்வாய்

நேற்று அகப்பட்ட இடம் ஒரு ஃபங்ஷன், அதாவது பெயர் வைத்த ஒரு கோட் துண்டு. அதை யார் கூப்பிடுகிறார்கள்? ஒரு பெயர் எங்கெல்லாம் பயன்படுகிறது என்று காட்டும் ‘ரெஃபரன்ஸ்’ வசதியை எடிட்டரில் கேட்டால் பூஜ்யம் என்கிறது.

இந்த வசதியின் மேல் எனக்குப் பெரிய மரியாதை உண்டு. 2016இல் மைக்ரோசாஃப்ட் லேங்குவேஜ் சர்வர் புரோட்டோகாலை வெளியிட்டது. எடிட்டரும், நிரல் மொழியை அலசும் சர்வரும் பேசிக்கொள்வதற்கான பொது விதிமுறை அது. ஒரு மொழிக்கு ஒரு சர்வர் எழுதிவிட்டால், அந்த புரோட்டோகால் தெரிந்த எல்லா எடிட்டருக்கும் அது போதும் என்று ஆனது. ஆனால் அந்த சர்வர் பார்ப்பது மொழியின் இலக்கணத்தை. இங்கே ஃபங்ஷன் பெயரே ஓடும்போதுதான் உருவாகிறது: ‘ஆன்’ என்ற முன்னொட்டோடு, கான்ஃபிக் (அமைப்பு) ஃபைலில் இருக்கும் நிகழ்வின் பெயரைச் சேர்த்து ஒட்டுகிறார்கள். முழுப்பெயர் கூப்பிடும் இடத்தில் எங்கும் இல்லை. முன்னொட்டை வெட்டிவிட்டு மிச்சத்தை வெறும் எழுத்தாகத் தேடியதும் கான்ஃபிக் ஃபைல் அகப்பட்டது.

பூஜ்யம் என்று விடை வந்தால் ‘யாரும் கூப்பிடவில்லை’ என்று எடுத்துக்கொண்டு அழிக்கப் போவது ஆபத்து. அந்த ஃபங்ஷனுக்கு மேலே ஒரு கமெண்ட் எழுதி வைத்தேன்.

மார்ச் 5, புதன்

கண்ணெதிரே இருக்கும் ஃபைலில் உள்ள ஒரு சொல்லை, ஃபைல்களுக்குள் தேடும் கருவியான ரிப்கிரெப் ‘இல்லை’ என்றது. கால் மணி நேரம் குழப்பம். அது பில்டின்போது (கோடை ஓடும் நிரலாக மாற்றும்போது) தானாக உருவாகும் ஃபைல். கோட் மாற்றங்களைப் பதிந்துவைக்கும் கிட் என்ற கருவியின் விலக்குப் பட்டியலான கிட்இக்னோரில் இருக்கிறது. கிட்இக்னோரில் சொன்னவை, மறைந்த ஃபைல்கள், பைனரி (எழுத்தாகப் படிக்க முடியாத ஃபைல்கள்) ஆகியவற்றை ரிப்கிரெப் வழக்கமாகத் தொடாது. அதன் வேகத்தில் ஒரு பங்கு இப்படி விட்டுவிடுவதால் வருவதுதான். சிறிய யு விருப்பத்தை ஒருமுறை கொடுத்தால் இக்னோர் பட்டியலை மறந்துவிடும், இருமுறை கொடுத்தால் மறைந்தவற்றிலும் தேடும், மும்முறை கொடுத்தால் பைனரியிலும்.

மார்ச் 6, வியாழன்

எல்லா ரெப்போக்களையும் சேர்த்துத் தேடும் உள் தளம் கண் இமைப்பதற்குள் விடை தருகிறது. எப்படி என்று படித்தேன். கூகுள் கோட் சர்ச் 2006இல் வந்து, பிறகு மூடப்பட்டது. அது எப்படி வேலை செய்தது என்பதை, அதை உருவாக்கிய ரஸ் காக்ஸ் 2012இல் விளக்கி எழுதினார். அடிப்படை, மும்மூன்று எழுத்தாக வெட்டிய அட்டவணை. ‘ரீட்ரை’யின் ஐந்து ஆங்கில எழுத்துகளை எடுத்துக்கொண்டால் ஆர்-இ-டி, இ-டி-ஆர், டி-ஆர்-ஒய் என மூன்று துண்டுகள். மூன்றும் இருக்கும் ஃபைல்களை மட்டும் அட்டவணையிலிருந்து எடுத்து, அவற்றுக்குள் மட்டும் உண்மையான தேடலை ஓட்டினால் போதும்.

என் ரெஜெக்ஸ்களில் (சொல்லுக்குப் பதில் வடிவத்தைக் கொடுத்துத் தேடுபவை) சில மட்டும் ஏன் மெதுவாக இழுக்கின்றன என்பது இப்போது புரிகிறது. தொடர்ச்சியாக மூன்று எழுத்தாவது நிலையாக இல்லாவிட்டால் அட்டவணையால் எதையும் ஒதுக்க முடியாது.

மார்ச் 7, வெள்ளி

மீட்டிங்குகள். ஒரு வரிகூடப் படிக்கவில்லை.

மார்ச் 10, திங்கள்

இடம் தெரியும். ஒரு முயற்சிக்கு 3 விநாடி டைம்அவுட், அதாவது பதிலுக்குக் காத்திருக்கும் வரம்பு. எதிர்முனை கொஞ்சம் மெதுவாக இருந்தால் ஐந்து முயற்சியும் வீணாகிவிடும். ஆனால் ஏன் 3?

ஒரு வரியைக் கடைசியாக மாற்றியது எது என்று சொல்லும் கிட் பிளேம் காட்டியது ஒரு ஃபார்மேட்டிங் கமிட்டை (கமிட் என்பது கிட்டில் பதிவான ஒரு மாற்றம்). ரெப்போ முழுவதையும் ஒரே நாளில் சீர்செய்த கமிட் அது. அடுத்து, பழைய கமிட்களைப் பட்டியலிடும் கிட் லாகில் பெரிய எஸ் விருப்பத்தோடு, அந்த டைம்அவுட் மதிப்பை வைத்திருக்கும் மாறிலியின் பெயரைக் கொடுத்தேன். அது முதன்முதலில் எழுதப்பட்ட கமிட் மட்டும் வந்தது. அதில் மதிப்பு 30! அப்படியானால் யார் மாற்றினார்கள்?

இங்கேதான் நிறையப் பேர் ஏமாறுகிறார்கள். பெரிய எஸ் பார்ப்பது, அந்தச் சொல் எத்தனை முறை வருகிறது என்ற எண்ணிக்கை மாறியதா என்பதை. 30ஐ அழித்து 3 போட்டால் பெயர் அப்படியேதான் இருக்கிறது, எண்ணிக்கை மாறவில்லை. பெரிய ஜி விருப்பம் வேறு மாதிரி: கமிட்டில் சேர்ந்த, நீங்கிய வரிகளில் அந்தச் சொல் இருந்தாலே காட்டும். அதைப் போட்டதும் மூன்று கமிட்கள். பிறந்தது, ஃபார்மேட்டிங், நடுவில் ஒன்று: ‘டெஸ்ட் வேகமாக ஓட டைம்அவுட்டைக் குறைத்தேன்.’ டெஸ்ட்டுக்காகச் செய்த மாற்றம் நிஜ சர்வீஸிலும் போய் உட்கார்ந்துவிட்டது.

எந்தக் கமிட்டில் பிழை நுழைந்தது என்று தேடும் கிட் பைசெக்ட்டும் இதைப் பிடித்திருக்கும். 1,000 கமிட் என்றாலும் பாதி பாதியாக வெட்டி 10 சோதனையில் முடித்துவிடும். ஆனால் அதற்கு பிரச்சினையை விருப்பப்படி திரும்ப வரவழைக்க முடிய வேண்டும். இங்கே முடியவில்லை.

மார்ச் 11, செவ்வாய்

நிஜ சர்வீஸுக்கு 30, டெஸ்ட்டுக்குத் தனியாக 3. ரிவ்யூவில் ஒருவர் கேட்டார்: “இந்த மாறிலியை வேறு யாராவது நம்பியிருக்கிறார்களா?” சரியான கேள்வி. முழுச்சொல் மட்டும் என்று தேடியதில் ஓர் அலாரம் விதி வந்தது, அதையும் திருத்தினேன்.

கமிட் செய்தியில் அந்த லாக் வரியை எண் இல்லாமல் எழுதி வைத்திருக்கிறேன். லாக் வரியையும் மாற்றினேன்: எண் இனிமேல் நடுவில் இல்லை, கடைசியில் வரும். அடுத்து வருபவர் வாக்கியத்தை எண் வரை அப்படியே நகலெடுத்துத் தேடலாம்.