கூட்டுறவு வங்கி ஜாமீன்: கையெழுத்துக்குப் பின்

கூட்டுறவு வங்கிக் கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டவரின் "முதலில் கடன் வாங்கியவரிடம் வசூலியுங்கள்" என்ற வாதம் எடுபடாது. இந்திய ஒப்பந்தச் சட்டம் 1872, பிரிவு 128-இன்படி, வேறு நிபந்தனை எழுதாதவரை ஜாமீன்தாரரின் பொறுப்பு கடன் வாங்கியவரின் பொறுப்புக்குச் சமம். 1968-இல் உச்ச நீதிமன்றமும் இதை உறுதிசெய்தது.

தமிழ்நாட்டில் இத்தகைய வழக்கு 1983 கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90-ஆம் பிரிவின்கீழ் பதிவாளரிடம் போகும். நோட்டீஸை வாங்காமல் திருப்பி அனுப்புவதுதான் பெரிய தவறு, உங்கள் தரப்பைக் கேட்காமலேயே தீர்ப்பாகிவிடும்.

எதிர்வாதம் இல்லாமல் இல்லை. உங்கள் சம்மதமின்றிக் கடன் நிபந்தனையை மாற்றினால், மாற்றத்துக்குப் பிந்தையவற்றுக்குப் பொறுப்பில்லை (பிரிவு 133). அடமானத்தை வங்கி கைவிட்டால், அதன் மதிப்பளவு விடுவிப்பு (பிரிவு 141). ஆனால் அச்சிட்ட படிவத்திலேயே இவ்வுரிமைகளை விட்டுக்கொடுக்கும் வாசகம் ஒளிந்திருக்கும்; முதலில் அதன் நகலை வாங்குங்கள்.

கட்டிவிட்டீர்களா? ரசீதைப் பத்திரமாக வையுங்கள். கடன் வாங்கியவரிடம் திரும்ப வசூலிக்க அதுவே ஆதாரம்.