வீட்டுக்கு ஒன்று வாங்கினால் போதும்

காசு கொடுத்து வாங்கும் மொபைல் கேம்கள்மேல் எனக்குத் தனிப் பிரியம் உண்டு. ஒரு தடவை பணம் கட்டினால் வேலை முடிந்தது. நடுவில் விளம்பரம் வந்து நிற்காது. வைரம் வாங்கு, சாவி வாங்கு என்று பிள்ளைகளை நச்சரிக்காது. இதை யாரிடம் சொன்னாலும், "சும்மா கிடைக்கிற கேம் எவ்வளவோ இருக்கும்போது எதுக்குக் காசு?" என்று கேட்கிறார்கள். அதற்கு நான் சொல்லும் முதல் பதில் இதுதான்: ஒருவர் வாங்கினால் வீட்டில் ஆறு பேர் விளையாடலாம். ஆப் ஸ்டோரே முறைப்படி தரும் வசதி இது. ஃபோனும் கையுமாக இருப்பவர்களிலேயே பலருக்கு இது தெரியவில்லை என்பதால்தான் எழுதுகிறேன்.

கூகுள் ப்ளேயில் இதற்குப் பெயர் ஃபேமிலி லைப்ரரி. 2016 ஜூலையில் வந்தது. ஆப்பிளில் ஃபேமிலி ஷேரிங். 2014-இல் ஐஓஎஸ் 8 வந்தபோது சேர்ந்து வந்தது. இரண்டிலுமே குழுவைத் தொடங்குபவர் ஒருவர், அவர் சேர்த்துக்கொள்வது ஐந்து பேர் வரை.

எங்கள் வீட்டில் ஏழு பேர். அத்தை, நான், என் கணவர், பையன், கொழுந்தன், ஓரகத்தி, அவர்கள் பெண். யாரை விடுவது என்ற கேள்வி வந்தபோது என் கணவர் தானாகவே விலகிக்கொண்டார். அவர் ஃபோனில் செய்தி படிப்பதோடு சரி. மற்ற ஆறு பேரும் கூகுள் ப்ளேயில் சேர்ந்தோம், குழுவைத் தொடங்கிய நான்தான் ஃபேமிலி மேனேஜர். அந்தப் பொறுப்பைச் சும்மா எடுத்துக்கொள்ளக் கூடாது என்பது என் கருத்து. குடும்பத்துக்குப் பொதுவாக ஒரு கார்டை வைத்தால் குழுவில் இருக்கும் பெரியவர்களும் அதில் வாங்க முடியும், பணம் மேனேஜர் கணக்கிலிருந்துதான் போகும். அதனால் யாரைச் சேர்க்கிறோம் என்பதை, வீட்டுச் சாவியை யாரிடம் கொடுப்போம் என்று யோசிப்பதுபோல் யோசிக்க வேண்டும். நண்பர்கள் கூட்டமாகச் சேர்ந்து "நாமும் ஒரு ஃபேமிலி போடலாம்" என்று பேசுவதை நான் கேட்டிருக்கிறேன். எனக்கு அது சரியாகப் படவில்லை. எல்லோரும் ஒரே நாட்டில் இருக்க வேண்டும், ஒருவர் ஒரு குழுவில்தான் இருக்கலாம், வேறு குழுவுக்கு மாறுவது 12 மாதத்துக்கு ஒரு முறைதான் என்று விதிகள் இருக்கின்றன. சேர்ந்து வாழ்பவர்களை மனத்தில் வைத்துச் செய்த ஏற்பாடு இது.

சரி, எந்த கேமைப் பகிர முடியும்? இங்கேதான் நிறையப் பேர் குழம்புகிறார்கள். டவுன்லோடு செய்வதற்கு முன்பே விலை கட்டி வாங்கும் கேம்தான் ஃபேமிலி லைப்ரரியில் சேரும். இலவசமாக இறக்கிக்கொண்டு உள்ளே போய்ப் பணம் கட்டுவது சேராது. உள்ளே வாங்கும் நாணயம், உடை, கூடுதல் லெவல் எதுவாக இருந்தாலும் வாங்கியவர் கணக்கோடு நின்றுவிடும்.

மான்யுமென்ட் வேலி இதற்கு நல்ல உதாரணம். 2014-இல் வந்த கேம். முதலில் வந்த அத்தியாயங்கள் கேமின் விலைக்குள் அடக்கம். அதே வருடக் கடைசியில் ஃபர்காட்டன் ஷோர்ஸ் என்ற கூடுதல் அத்தியாயங்கள் வந்தன, அதை கேமுக்குள்ளே போய்த் தனியாக வாங்க வேண்டும். கூகுள் ப்ளேயில் நான் இரண்டையும் வாங்கியிருந்தாலும் என் ஓரகத்தியின் ஃபோனுக்குப் போவது முதல் பகுதி மட்டும்தான். இன்னொரு உதாரணம் சூப்பர் மேரியோ ரன். சும்மா இறக்கிக்கொள்ளலாம், முதல் சில லெவல்களைத் தாண்ட, உள்ளே ஒரே ஒரு தடவை பணம் கட்ட வேண்டும். பார்ப்பதற்கு "ஒரு தடவை காசு கொடுத்து வாங்கும் கேம்" மாதிரிதான் இருக்கிறது. ஆனால் பணம் வாங்கும் இடம் கேமுக்குள் இருப்பதால் ப்ளேயில் குடும்பத்துக்குப் பகிர வழியில்லை.

ஒரே கேம் இரண்டு கடைகளில் இரண்டு விதமாக விற்கப்படுவதும் உண்டு. பனிமலையில் சறுக்கிக்கொண்டே போகும் ஆல்டோஸ் அட்வென்சர் ஆப்பிளில் விலை கட்டி வாங்கும் கேமாக வந்தது. ஆண்ட்ராய்டில் விளம்பரத்தோடு இலவசம். முதலாவதைக் குடும்பத்தோடு பகிரலாம். இரண்டாவதில் பகிர என்ன இருக்கிறது? ஆளாளுக்கு இறக்கிக்கொள்ள வேண்டியதுதான்.

அதனால் நான் வாங்குவதற்கு முன் கேமின் பக்கத்தில் விலை எங்கே எழுதியிருக்கிறது என்று பார்ப்பேன். இன்ஸ்டால் பட்டன் மேலேயே விலை இருந்தால் நல்லது. "இன்-ஆப் பர்ச்சேஸ்" என்ற வரி மட்டும் இருந்தால், உள்ளே எதற்குக் காசு கேட்கிறார்கள் என்று விமர்சனங்களைப் படித்துப் பார்த்துவிட்டு முடிவு செய்வேன். பழைய கேம்களுக்கு இன்னொரு விஷயம்: ப்ளேயில் 2016 ஜூலை 2-க்கு முன்பு வாங்கியிருந்தால், டெவலப்பர் அனுமதித்திருந்தால்தான் பகிர முடியும். அதற்குப் பிறகு வாங்கியவற்றுக்கு அந்தத் தடை இல்லை. முதல் தடவை ஃபேமிலி லைப்ரரியைத் தொடங்கும்போது, முன்பு வாங்கியதையெல்லாம் மொத்தமாகச் சேர்க்கவா, ஒவ்வொன்றாகச் சேர்க்கிறாயா என்று கேட்கும். நான் ஒவ்வொன்றாகச் சேர்த்தேன். என் கணக்கில் இருக்கும் சில கேம்கள் ஒன்பது வயதுப் பெண்ணுக்கு ஏற்றவை அல்ல.

இந்த ஏற்பாட்டில் எனக்கு மிகவும் பிடித்தது, ஒரே கேமை எல்லோரும் தனித்தனியாக விளையாட முடிவதுதான். எங்கள் அத்தைக்கு மினி மெட்ரோ என்றால் உயிர். வெள்ளைத் திரையில் வட்டம், முக்கோணம், சதுரம் என்று ஸ்டேஷன்கள் முளைத்துக்கொண்டே இருக்கும். விரலால் கோடு இழுத்து அவற்றை இணைக்க வேண்டும். சின்னச் சின்ன முக்கோணமாகவும் வட்டமாகவும் பயணிகள் வந்து நிற்பார்கள். முக்கோணப் பயணி முக்கோண ஸ்டேஷனுக்குப் போக வேண்டும். ஒரு ஸ்டேஷனில் கூட்டம் தேங்கி நெடுநேரம் நின்றுவிட்டால் ஆட்டம் முடிந்தது. அத்தை கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிவிட்டுக்கொண்டு, டேப்லெட்டை மடியில் வைத்து, ஒரே விரலால் மெதுவாகக் கோட்டை இழுப்பார். "இந்த மூலைல இவ்வளவு கூட்டம் சேர்ந்துடுச்சு பாரும்மா, இந்தச் சிவப்புக் கோட்டை இப்படி வளைச்சு விடட்டுமா?" என்று கேட்பார். கேட்டுவிட்டு, நான் பதில் சொல்வதற்குள் வளைத்தும் விடுவார். ஒவ்வொரு வாரம் முடியும்போதும் புது ரயில் எஞ்சினோடு கூட, இன்னொரு கோடோ, ஆற்றைக் கடக்கச் சுரங்கமோ, கூடுதல் பெட்டியோ கேம் கொடுக்கும். அத்தை எப்போதும் பெட்டியைத்தான் எடுப்பார். என் பையன் கோட்டை எடுப்பான். இந்த விஷயத்தில் இருவருக்கும் நடக்கும் வாக்குவாதம் எங்கள் வீட்டில் பிரசித்தம்.

வாங்கியது நான் ஒருத்திதான். ஆனால் அத்தை திறந்த நகரங்கள் அத்தையுடையவை, பையன் திறந்தவை பையனுடையவை. அவரவர் அக்கவுண்டில் அவரவர் ஆட்டம் இருக்கும். ஒருவர் விளையாடும்போது மற்றவர் காத்திருக்கவும் வேண்டாம். கம்ப்யூட்டர் கேம்களை விற்கும் ஸ்டீம் என்ற கடையில் குடும்ப வசதி இருந்தாலும், ஒரு பிரதியை ஒரே நேரத்தில் ஒருவர்தான் ஆட முடியும். மொபைலில் அந்தக் கட்டுப்பாடு கிடையாது.

இதைத் தெரியாமல் பல வீடுகளில் அம்மாவின் அக்கவுண்டையே பிள்ளையின் ஃபோனிலும் போட்டுக் கொடுத்துவிடுகிறார்கள். கேம் வேலை செய்யும், மறுக்கவில்லை. ஆனால் அம்மாவின் மெயில், ஃபோட்டோ, கார்டு எல்லாம் பிள்ளையின் கைக்குப் போய்விடும். கேம் கிளவுடில் சேமிக்கிற வகையாக இருந்தால் இரண்டு பேரின் ஆட்டமும் ஒரே இடத்தில் மோதும். ஒருவர் பத்து லெவல் ஏறியிருப்பார், இன்னொருவர் புதிதாகத் தொடங்கியதும் பழையது அழிந்துபோகலாம். ஒரு பிள்ளைக்கு அந்த இழப்பு சின்ன விஷயமே இல்லை. தனித்தனி அக்கவுண்ட் போட்டுக் குழுவில் சேர்க்க ஒரு மாலைப்பொழுது போதும். தயவுசெய்து அதைச் செய்யுங்கள்.

சின்னப் பிள்ளைகளின் அக்கவுண்டைப் பற்றி ஓரகத்தி முதலிலேயே கேட்டார். "இவ தெரியாம எதையாவது வாங்கிட்டா உங்க கார்டுல போயிடுமே அக்கா?" நியாயமான பயம். பிள்ளையின் கணக்கை, பெற்றோர் கண்காணிப்புக்காகக் கூகுள் தரும் ஃபேமிலி லிங்க் ஆப் வழியாகத் தொடங்கி, வாங்குவதற்கெல்லாம் அனுமதி வேண்டும் என்று வைத்துவிட்டோம். அவள் வாங்கு பட்டனை அழுத்தினால் கோரிக்கை எனக்கு வரும், நான் சரி என்றால்தான் நடக்கும். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள்: ஃபேமிலி லைப்ரரியில் ஏற்கெனவே இருக்கும் கேமைப் பிள்ளை இறக்கிக்கொள்ள இந்த அனுமதி தேவைப்படாது. அதற்குத் தனியாக வயது வரம்பை அமைக்க வேண்டும். வரம்பை மீறிய கேமை அவள் இறக்கிக்கொள்ள முடியாது. இரண்டையும் செய்தால்தான் நிம்மதி. ஆப்பிளில் இந்த அனுமதி கேட்கும் வசதிக்கு ஆஸ்க் டு பை என்று பெயர், 18 வயதுக்குக் கீழே இருப்பவர்களுக்குப் போடலாம்.

ஆப்பிள் பக்கம் கொஞ்சம் வேறு மாதிரி. அங்கே 2020 டிசம்பர் முதல், கேமுக்குள் வாங்கியதில் சிலவற்றையும் குடும்பத்துக்குப் பகிர முடிகிறது. நிரந்தரமாக ஒரு பகுதியைத் திறப்பது, சந்தா கட்டுவது மாதிரியானவற்றை டெவலப்பர் விரும்பினால் அனுமதிக்கலாம். செலவழிந்து தீர்ந்துபோகும் நாணயம், உயிர் போன்றவை மட்டும் எப்போதும் வாங்கியவருக்குத்தான். என்னைக் கேட்டால் இது நியாயமான பிரிவினை. ஒருவர் தனக்கு மட்டும் வைத்துக்கொள்ள நினைக்கும் கேமை வாங்கியவற்றின் பட்டியலிலிருந்து மறைக்கவும் முடியும், மறைத்தால் மற்றவர்களுக்குக் கிடைக்காது. அப்புறம், அங்கே சேர்ந்து வாங்கும் வசதியைப் போட்டால் எல்லோர் வாங்குவதும் குழுவைத் தொடங்கியவரின் கார்டிலிருந்து போகும். அதை முன்கூட்டியே பேசிக்கொள்ள வேண்டும்.

ஆப்பிளின் ஆர்கேட், கூகுளின் ப்ளே பாஸ் போன்ற, பல கேம்களை ஒன்றாகத் தரும் மாதச் சந்தாக்களையும் குடும்பத்தோடு பகிரலாம். பிள்ளைகள் புதிது புதிதாகக் கேட்கும் வீட்டுக்கு அவை சரி. சந்தாவை நிறுத்தினால் கேமும் நின்றுவிடும் என்பதால் எனக்கு மனம் ஒப்பவில்லை. அத்தையின் மினி மெட்ரோ அத்தைக்கு எப்போதும் இருக்க வேண்டும்.

ஒரு கடையில் வாங்கியது இன்னொரு கடைக்குப் போகாது என்பதுதான் உண்மையான தடை. கொழுந்தன் அடுத்து ஐபோன் வாங்கலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறார். வாங்கினால், நாங்கள் ஆண்ட்ராய்டில் சேர்த்து வைத்திருக்கும் கேம்களில் ஒன்றையும் அதில் இறக்க முடியாது. அவரிடம் இதைச் சொல்லிவிட்டேன். பாதிப் பேர் அங்கே, பாதிப் பேர் இங்கே என்று இருக்கும் வீடுகளில், பிள்ளைகளின் கையில் இருக்கும் டேப்லெட் எந்தப் பக்கமோ அந்தப் பக்கத்தில் வாங்குவதுதான் உத்தமம்.

இன்னொன்று, யார் கணக்கில் வாங்குகிறோம் என்பது. குழுவை விட்டு ஒருவர் போனால், அவர் வாங்கிச் சேர்த்த கேம்களும் அவரோடு போய்விடும். அதனால் எல்லோரும் விளையாடுவதை என் கணக்கில் வாங்குகிறோம். ஒருவருக்கு மட்டும் பிடித்தது அவரவர் கணக்கில். பையன் இப்போது ஸ்டார்ட்யூ வேலி கேட்கிறான். விதைப்பது, தண்ணீர் ஊற்றுவது, கோழி வளர்ப்பது என்று போகும் பண்ணை கேம், விலையை முதலிலேயே வாங்கிக்கொள்ளும் வகை. அவனுக்கும் தங்கைக்கும் ஆளுக்கொரு பண்ணை கிடைக்கும், அத்தையும் தனக்கு ஒன்று வேண்டும் என்கிறார். அதையும் என் கணக்கில்தான் வாங்கப்போகிறேன்.