பையனுக்கு எங்கீங்க வேலை? (கோயம்புத்தூர் நாட்குறிப்பு)

2025 நவம்பர் 9, ஞாயிறு

தரகர் வந்து போனார். தங்கச்சி மகனுக்குப் பெண் பார்க்க ஆரம்பித்து ரொம்ப நாளாகிறது. சுத்த ஜாதகம், சொந்த வீடு, பையன் டிப்ளமோ மெக்கானிக்கல், கெட்ட பழக்கம் எதுவும் கிடையாது, இவ்வளவும் சொல்லி முடிக்கிற வரை எதிர்ப்பக்கம் நன்றாகத்தான் கேட்டுக்கொள்கிறார்கள். "பையனுக்கு எங்கீங்க வேலை?" என்று வரும்போதுதான் பேச்சு நின்றுபோகிறது. சாப்பாடு டெலிவரி என்று சொன்னதும் ஒரு "ஓ" வருகிறது பாருங்கள், அந்த "ஓ"வுக்கு அப்புறம் பத்துப் பொருத்தமும் இருந்தாலும் பிரயோஜனமில்லை.

தரகர் ஒரு வழி சொன்னார். "லாஜிஸ்டிக்ஸ் கம்பெனில எக்சிகியூட்டிவ்னு போட்டுக்கலாமுங்க அம்மிணி, அது பொய்யும் இல்லீங்களே." தங்கச்சி உடனே தலையாட்டிவிட்டாள். பையன்தான் வேண்டாம் என்றுவிட்டான். பெட்ரோல், வண்டி சர்வீஸ் எல்லாம் போக மாதம் 22, 23 ஆயிரம் அவன் கையில் நிற்கிறது. இதற்கு முன்னால் ஒரு பம்ப்செட் கம்பெனியில் கான்ட்ராக்டில் இருந்தபோது 14 ஆயிரம்தான். அந்த 14 ஆயிரத்துக்கு இரண்டு இடம் தானாகத் தேடி வந்தது, இவன்தான் இப்ப வேண்டாம் என்று தட்டிக் கழித்தான். ஆக, சம்பளம் மட்டும் விஷயமில்லை.

நவம்பர் 12, புதன்

அப்பாவிடம் இதைச் சொன்னேன். சிரித்தார். "உங்கம்மாவ எனக்கா கட்டிக் குடுத்தாங்க? மில்லுக்குக் கட்டிக் குடுத்தாங்க."

அப்பா சிங்காநல்லூர்ப் பக்கம் ஒரு மில்லில் ஸ்பின்னிங்கில் சைடராக, அதாவது நூல் நூற்கிற மெஷினைப் பார்த்துக்கொள்கிறவராக, இருந்தவர். நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது எங்கள் தெருவில் கடிகாரம் பார்த்து யாரும் சோறு வைத்ததாக ஞாபகமில்லை, மில் சங்குதான். ஒவ்வொரு மில் சங்குக்கும் ஒரு குரல், அதை வைத்தே எந்த மில் என்று சொல்லிவிடுவோம். அப்பாவுக்கு அரை நைட் ஷிப்ட் என்றால் நடுராத்திரிக்கு மேல் வருவார், தலைமுடி, புருவம், காது மடல் எல்லாம் பஞ்சு ஒட்டியிருக்கும். அப்படியேதான் தெருவில் நடந்து வருவார், தட்டிவிட்டுக்கொண்டு வந்ததே இல்லை. பகல் ஷிப்ட் விட்டு வரும்போது டீக்கடையில் அந்தப் பஞ்சுத் தலைக்கு ஒரு மரியாதை இருந்தது. மளிகைக் கடையில் பற்று நோட்டு, வீட்டுக்காரரிடம் வாடகைத் தவணை, சங்கத்துக்காரர் வந்து நின்றால் போலீஸ் ஸ்டேஷனிலும் ஒரு நாற்காலி, எல்லாம் "மில்லுக்காரர்" என்ற ஒரே பேருக்குத்தான். உடம்புக்கு முடியாவிட்டால் இ.எஸ்.ஐ. ஆஸ்பத்திரி. தீபாவளி போனஸ் எத்தனை சதவீதம் என்று தெரிந்துகொண்டுதான் ஒப்பணக்காரத் தெரு ஜவுளிக்கடைகளே சரக்கு இறக்கும் என்பார்கள்.

இந்த ஊரே அப்படி உருவானதுதான். 1888-ல் ஸ்டேன்ஸ் மில், அப்புறம் 1930-களில் நீலகிரி பைக்காரா நீர்மின் நிலையத்துக் கரன்ட் வந்ததும் வரிசையாக மில்கள். மில்லுக்காரருக்குக் கிடைத்த அந்த மரியாதையும் முதலாளிகள் மனமிரங்கிக் கொடுத்ததல்ல. 1946 ஜனவரி 8 அன்று சங்கத்துக்காரர்களான சின்னியம்பாளையம் மில் தொழிலாளிகள் நான்கு பேரைக் கோவை ஜெயிலில் தூக்கில் போட்ட கதையை அப்பா இன்றைக்கும் குரல் இறங்காமல் சொல்ல மாட்டார்.

இதையெல்லாம் பெருமையாக எழுதிக்கொண்டு போனால் அம்மா சும்மா விட மாட்டாள். "அந்த இருமலையும் எழுது" என்கிறாள். சரி, எழுதுகிறேன். அப்பாவுக்கு நாற்பது வயதிலேயே மூச்சு இழுக்கும். என் பெரியம்மா மில்லில் ரீலிங்கில் (நூலைச் சிட்டமாகச் சுற்றுகிற பகுதி) இருந்தவர், ஆள்குறைப்பு வந்தபோது முதலில் வீட்டுக்கு அனுப்பியது பெண்களைத்தான், பெரியம்மாவை எந்த டீக்கடையிலும் யாரும் மில்லுக்காரர் என்று சொல்லிக் கேட்டதில்லை. அப்பாவின் மில்லும் கடைசியில் இழுத்து மூடப்பட்டது. வந்த பணத்தில் எங்கள் இரண்டு பேர் கல்யாணமும் நடந்தது, மிச்சம் மாதம் ஆயிரத்துச் சொச்சம் பி.எஃப். பென்ஷன். குறைந்தபட்சம் 1,000 என்று 2014-ல் நிர்ணயித்தார்கள், அது இன்னும் அங்கேயேதான் உட்கார்ந்திருக்கிறது.

ஆனால் இன்றைக்கு அப்பா சொன்ன இன்னொரு விஷயம்தான் மண்டைக்குள் ஓடிக்கொண்டே இருக்கிறது. மில்லில் சேர்ந்த புதிதில் அவரும் பதிலிதான். தினமும் ஷிப்டுக்கு முன்னால் கேட்டில் போய் நிற்க வேண்டும், யாராவது லீவு என்றால் மேஸ்திரி விரலைக் காட்டிக் கூப்பிடுவார், இல்லையென்றால் தூக்குப்போசியைத் தூக்கிக்கொண்டு திரும்ப வேண்டியதுதான். "இவனும் போனை கையில வெச்சுட்டு அதேதான பண்றான், என்ன புதுசு?" என்று கேட்டார். நான் கொஞ்சம் யோசித்துவிட்டு, "உங்களுக்குத் திட்டறதுக்கு மேஸ்திரினு ஒருத்தர் இருந்தாருங்கப்பா" என்றேன். "ஆமா, அதுவும் இருக்குது" என்றார். பதிலி என்றால் ஒரு பட்டியல் இருந்தது, அதில் இத்தனாவது ஆள் என்று தெரியும், என்றைக்காவது பர்மனென்ட் ஆவோம் என்று பெண் வீட்டாரும் நம்பினார்கள். கேட்டுக்கு வெளியே நின்றவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள், அங்கேதான் சங்கமும் பேசினார்கள். இவன் நிற்கிற வரிசை எங்கே இருக்கிறது என்று இவனுக்கே தெரியாது.

நவம்பர் 16, ஞாயிறு

இன்று கவனித்த ஒன்று. பையன் ராத்திரி வீட்டுக்கு வரும்போது தெருமுனையில் வண்டியை ஓரங்கட்டி, கம்பெனி டீ-ஷர்ட்டுக்கு மேலே ஒரு கட்டம் போட்ட சட்டையை மாட்டிக்கொண்டுதான் உள்ளே வருகிறான். பெரிய பையை சினேகிதன் கடையிலேயே வைத்துவிடுகிறானாம். "ஏன்டா?" என்றால், "சும்மா பெரிம்மா, குளிருது" என்கிறான். நான் மேற்கொண்டு கேட்கவில்லை.

அப்புறம் அவனே பேசினான். லட்சுமி மில்ஸ் சிக்னல் பக்கத்தில் இவர்கள் ஏழெட்டுப் பேர் ஆர்டருக்குக் காத்திருக்கும் மரத்தடி ஒன்று இருக்கிறதாம். (அந்த மில் வளாகத்தில் 2023-ல் லூலு ஹைப்பர்மார்க்கெட் வந்துவிட்டது. இவனுக்கு லட்சுமி மில்ஸ் என்றால் சிக்னல், அவ்வளவுதான்.) போன மாதம் ஒருவனுக்கு ஐடி பிளாக் ஆகிவிட்டது, கஸ்டமர் ஏதோ புகார் கொடுத்திருக்கிறார், என்ன புகார் என்றுகூட சொல்லவில்லை. யாரிடம் போய்க் கேட்பது? ஆப்பில் சாட் பண்ணினால் "உங்கள் சிரமத்துக்கு வருந்துகிறோம்" என்று வரும், அதையும் மெஷின்தான் அனுப்பும். மரத்தடிக்காரர்கள் ஆளுக்கு இருநூறு போட்டு அவன் வண்டித் தவணையைக் கட்டியிருக்கிறார்கள். வாட்ஸ்அப் குரூப் வைத்திருக்கிறார்கள், யாராவது வண்டியோடு விழுந்தால் லொகேஷன் போட்டதும் பக்கத்தில் இருப்பவன் ஆர்டரைக் கேன்சல் செய்துவிட்டு ஓடுகிறான், அதற்கு ரேட்டிங் குறைந்தாலும் சரி என்று. சங்கம் என்று அவர்கள் சொல்லிக்கொள்வதில்லை. அப்பா கேட்டிருந்தால் சங்கம் என்றுதான் சொல்லியிருப்பார்.

நவம்பர் 22, சனி

நான் வேலை பார்க்கும் ஆடிட்டர் ஆபீசில் காலையிலிருந்து ஒரே பேச்சு. நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகளும் நேற்று முதல் அமலுக்கு வந்துவிட்டன. ஒன்று 2019-லும் மற்ற மூன்றும் 2020-லும் நாடாளுமன்றத்தில் நிறைவேறியவை, கிடந்து கிடந்து இப்போது வந்திருக்கின்றன. சமூகப் பாதுகாப்புத் தொகுப்பில் நம் பையன் மாதிரி நிரந்தர வேலையில்லாமல் அவ்வப்போது கிடைக்கும் வேலையைச் செய்பவர்களைக் கிக் தொழிலாளி என்று முதன்முறையாக எழுதியிருக்கிறார்கள். ஆப் கம்பெனிகள் வருட விற்றுமுதலில் 1 முதல் 2 சதவீதம் இவர்களுக்கான சமூகப் பாதுகாப்பு நிதிக்குக் கட்ட வேண்டும், அதுவும் தொழிலாளிகளுக்குக் கொடுக்கும் தொகையில் 5 சதவீதத்துக்கு மேல் போகாமல். தமிழ்நாட்டில் 2023-லேயே இவர்களுக்கென்று நல வாரியம் அமைத்துவிட்டார்கள், நம் பையன் இன்னும் பதிவு செய்யவில்லை, சொன்னால் "பாத்துக்கலாம் பெரிம்மா" என்கிறான். நாடு முழுக்க 2020-21-ல் 77 லட்சம் பேர் இப்படி வேலை செய்தார்கள் என்றும், 2029-30-க்குள் 2.35 கோடி ஆகும் என்றும் நிதி ஆயோக் 2022-ல் கணக்குப் போட்டது. இவ்வளவு பேரும் கல்யாணச் சந்தையில் "ஓ"தானா?

சாயங்காலம் பையனிடம் சொன்னேன். எல்லாத் தொழிலாளிக்கும் நியமனக் கடிதம் கட்டாயம் என்று செய்தியில் சொன்னார்களே, எனக்கும் லெட்டர் வருமா என்று கேட்டான். வராது. வழக்கமான முதலாளி-தொழிலாளி உறவுக்கு வெளியே வேலை செய்பவர் என்றுதான் அந்தச் சட்டமே இவனை விவரிக்கிறது. நிதி வரட்டும், விபத்துக் காப்பீடு வரட்டும், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் ஜாதகத்தோடு சேர்த்து நீட்ட ஒரு காகிதம் இல்லை என்பதுதான் இப்போது எங்கள் வீட்டுப் பிரச்சினை, அதை இந்தச் சட்டம் தொடவில்லை.

நவம்பர் 30, ஞாயிறு

காகிதம் ஒன்று இருக்கிறது, நானே தயார் செய்தேன். எலெக்ட்ரிக் ஸ்கூட்டர் லோனுக்கு வருமான வரி ரிட்டர்ன் கேட்டார்கள். சம்பளம் என்ற தலைப்பில் இவனுக்கு ஒரு ரூபாய்கூடப் போட முடியாது, எல்லாம் தொழில் வருமானம். ஐ.டி.ஆர். 4 படிவம், அதற்கு "சுகம்" என்று பேர் வேறு. ஆக வருமான வரித் துறைக்கு இவன் தொழில் நடத்துகிறவர், தரகருக்கு எக்சிகியூட்டிவ், பெண் வீட்டாருக்கு வேலை இல்லாதவன், பார்சல் வாங்கும் வீட்டு செக்யூரிட்டிக்கு "ஏப்பா". பிரின்ட் எடுத்து அப்பாவிடம் காட்டினேன். "முதலாளி ஆயிட்டியா கண்ணு?" என்றார். "ஆமாங்க அப்புச்சி, லீவு கேட்டா நானே எனக்குத் தர மாட்டேங்கறேன்" என்றான்.

என் கதையும் பெரிதாக வித்தியாசமில்லை. பேரேடு எழுதப் போனவள், டேலி கற்றேன், இப்போது பேங்க் ஸ்டேட்மென்டை ஏற்றினால் சாஃப்ட்வேரே என்ட்ரி போட்டுக்கொள்கிறது, நான் தப்பிருக்கிறதா என்று பார்க்கிறேன். ஆனால் "ஆடிட்டர் ஆபீஸ்ல இருக்காங்க" என்று யாராவது சொல்லும்போது இன்னும் முதுகு நிமிர்கிறது, இல்லை என்று சொல்ல மாட்டேன். அந்தப் பையன் சட்டையை மேலே மாட்டிக்கொள்வதும் இதுவும் வேறு வேறு என்று எனக்குத் தோன்றவில்லை.

தரகர் மத்தியானம் போன் செய்தார். கவுண்டம்பாளையத்தில் ஒரு இடம். பெண் மெடிக்கல் கோடிங், வீட்டிலிருந்தே வேலை. "ஆபீஸ் எங்கீங்க?" என்று அப்பா போனை வாங்கிக் கேட்டார், "ஆபீஸ்னு ஒண்ணும் இல்லீங்க, ரூம்லயே கம்ப்யூட்டர்" என்று பதில். அப்பா என்னிடம் போனைக் கொடுத்துவிட்டு, "அப்ப வேலையில்லையா?" என்றார். பையனின் வேலையை ஒளிக்காமல் சொல்லச் சொன்னேன். சொல்லியும் அவர்கள் வருகிறோம் என்றிருக்கிறார்கள், பெண்ணே பார்க்கலாம் என்று சொன்னாளாம்.

அடுத்த ஞாயிறு. மத்தியானம்தான் இன்சென்டிவ் அதிகமாக வருமாம், நாலு மணிக்கு மேல் வரச் சொல்லுங்க பெரிம்மா என்கிறான் மாப்பிள்ளை. தங்கச்சி அவனைத் திட்டிக்கொண்டிருக்கிறாள்.